எட்டரைக்குச் சமையலறை மூடும்

பூங்காவுக்குள்ளே தங்க இடமுண்டா என்று
எல்லோரும் முதலில் கேட்பதைத்தான் நீங்களும் கேட்டீர்கள்.
உண்டு. ஒன்றே ஒன்று.
செர்னெத்ஸிலிருந்து மூன்று மணி நேரம் ஏற வேண்டும்.
மரக்குடில், வரிசைப் படுக்கை.
பக்கத்தில் படுப்பவர் குறட்டை விடாதவராய் இருக்க
நேர்ந்துகொண்டு போங்கள்.

கூடாரம் அடிக்க முடியாது.
தீ மூட்ட முடியாது. நாயைக் கூட்டிவர முடியாது.
பூப் பறிக்க, கல் பொறுக்க,
பாதையை விட்டு ஓரடி தள்ளி
ஒதுங்கக்கூட—
சொல்லக் கூச்சம்தான்,
ஆனால் எல்லோரும் மேலே போன பிறகல்லவா யோசிக்கிறார்கள்.

பாறைகளில் வெள்ளை, சிவப்பு, வெள்ளைக் கோடு.
அதைப் பிடித்தபடியே நடக்க வேண்டும்.
எனக்கு இது பழக்கம்.
வந்த புதிதில்
எங்கே படுப்பது, எத்தனை மணிக்கு உண்பது என்று
முத்திரை குத்திய ஒரு கடுதாசி
இரண்டரை வருடம் என் சட்டைப்பையில் கிடந்தது.

மற்றபடி எங்கள் விடுதி இருக்கிறது. பதினொரு அறை.
ஏழாம் இலக்க அறையைக் கேளுங்கள்,
அதில் மட்டும்தான் ஆறு கேட்கும்.
மற்றவற்றில் பெட்ரோல் நிலையம்.

பார்லி சூப் எப்போதும் உண்டு.
அக்ரூட் கேக் முதலாளி செராய்னாவின் கைவேலை,
அதில் நான் தலையிடுவதில்லை.
செப்டம்பரில் மான்.

மானைப் பற்றிக் கொஞ்சம் சொல்ல வேண்டும்.
ஓடைக்கு அந்தப் பக்கம் அதைச் சுடக் கூடாது.
இந்தப் பக்கம் அதுதான் இன்றைய சிறப்பு.
வேட்டை தொடங்கும் வாரம்
மான்களெல்லாம் எல்லைக்கு உள்ளேயே கிடக்கும்.
எங்கே தங்குவதென்று
அவை யாருக்கும் போன் போட்டுக் கேட்பதில்லை.
எங்கே சாப்பிடுவது என்பதில்தான் பிழைத்துப்போகிறது:
இந்தப் பக்கத்துப் புல் எருப் போட்டு வளர்த்தது,
ருசி.

போன செவ்வாய் எனக்கு லீவு.
பதினான்கு வருடம் வாசலில் நின்று வழி சொன்னவன்
முதல் தடவை மேலே போனேன்.
யாரோ சமைத்து, யாரோ என் கோப்பையில் போட்டார்கள்.
உப்புக் குறைவு. வாய் திறக்கவில்லை.
இருட்டும்போது எதிர்ச் சரிவில் ஓர் ஆண்மான் கத்தியது,
மாடு போல,
ஸ்டார்ட் ஆகாத லொறி போல.
மேசையில் அத்தனை பேரும் கரண்டியைக் கீழே வைத்தோம்.

வியாழன் காலை
தபால்காரன் கூர்டின் பின்கதவோரம் வண்டியைத் திருப்பினான்.
அதே மானா என்று கேட்காதீர்கள்.
எனக்குத் தெரியாது. எல்லாம் ஒரே மாதிரித்தான் இருக்கும்.
எங்களையும் இங்கே
அப்படித்தான் சொல்லிக்கொண்டிருந்தார்கள்.

சிவப்பு வைனில் இரண்டு நாள் ஊற வேண்டும்.
வெங்காயம், ஜூனிப்பர் காய்,
இறக்குமுன் ஒரு கரண்டி வறுத்த தூள்,
சூரிச்சில் பாலேந்திரா கடையில் வாங்குவது.
இந்த மலையில் மட்டும் முளைக்கும் மூலிகையா என்று
பாசல்காரர் ஒருவர் கேட்டாராம்.
ஆம் என்றாளாம் செராய்னா,
முகத்தில் ஒரு சுருக்கமில்லாமல்.

எட்டரைக்குச் சமையலறை மூடும்.
பிந்தி வந்தால் சூப் மட்டும், அதுவும் என் மனநிலையைப் பொறுத்து.

பிறகு நான் சட்டி கழுவுவேன்.
பதினொன்றுக்குப் பின்கதவைத் திறந்தால் சில இரவுகளில்
கிழங்குப் பாத்திக்குள் ஓர் உருவம்.
இரவில் சுடக் கூடாது என்பது சட்டம்,
அதற்கும் அது தெரியும் போல.
இலையைக் கடிக்கும் சத்தம் மட்டும் வரும்.
செராய்னா ஆசையாய் நட்ட பீட்ரூட்.

விளக்குப் போடுவதில்லை.
கழுவிய தண்ணீர் வாளியைக் கையில் வைத்துக்கொண்டு,
ஊற்றினால் சத்தம் கேட்குமே என்று,
அது சாப்பிட்டு முடிக்கும்வரை நிற்பேன்.
வாளி பாரம்தான்.

எத்தனை பேர் என்று சொன்னீர்கள்?